213ஆம் நாள் காரியம்

கண்ணு, உன்ற அம்மா நேத்துப் பொழுதோட போன் பண்ணுனா. நீ ரெண்டு நாளாச் சோறு திங்கறதில்லையாம், பரோட்டா மட்டுந்தான் எறங்குதாம். ஆரு கூப்பிட்டாலும் மூஞ்சியத் திருப்பிக்கறயாம். வேலை கீலை போயிருச்சோ, இல்ல எவளாச்சும் ஒருத்தி உன்னைய வேண்டாம்னு சொல்லீட்டாளோன்னு நான் பதறிப் போனேன். கடைசில விசாரிச்சா, கைக்கடிகாரத்துல நாள் தவறாம நடைக்கணக்கு நெறஞ்சதுக்காகப் போன்ல 213 நாளா அணையாம எரிஞ்சுக்கிட்டிருந்த தீப்படம் ஒன்னு அணைஞ்சு போச்சாம். உன்ற ஸ்ட்ரீக்கு செத்துப் போச்சாம்.

அடப்பாவமே. 213 நாள்ங்கறது நல்ல வயசுதான். துக்கம் கேக்க நேர்ல வரோணும்னுதான் பார்த்தேன். ஆனா அதுக்குப் பதினாறாம் நாள் காரியம் உண்டா, கருமாதிக்கு ஐயரைச் சொல்லோணுமா, மொட்டை அடிக்கறது உனக்கா கடிகாரத்துக்கான்னு ஒன்னும் தெரியாம எப்படி வர்றது? அதனாலதான் எழுதறேன்.

மொதக்கா, செத்தது எப்படின்னு பார்த்துருவோம். உன்ற பெரியம்மா மக கல்யாணத்தன்னிக்கு நீ வெடியால நாலு மணிக்கு எந்திரிச்சே. வாழையெலைக் கட்டு எறக்குனே. மண்டபத்துக்கும் சமையக்கட்டுக்கும் தண்ணிக் கேனைத் தூக்கிக்கிட்டு அலைஞ்சே. பந்திக்குப் பந்தி சாம்பார் வாளியோட ஓடுனே. நான் மொதப் பந்தில உக்காந்து ரெண்டாம் பந்தி முடியற வரைக்கும் எந்திரிக்காம இதையெல்லாம் கவனிச்சுக்கிட்டுத்தான் இருந்தேன். கடிகாரத்துல கொழம்பு பட்டுருமின்னு கழட்டி உன்ற மாமங்கிட்டக் குடுத்துட்டே. அவரு அதை மாப்பிள்ளை ரூமுல சார்ஜுல போட்டுட்டுச் சீட்டாடப் போயிட்டாரு. நாள் முச்சூடும் ஓடுனது நீ. படுத்துக் கெடந்தது கடிகாரம். ராத்திரி பன்னெண்டு மணிக்குக் கணக்குப் பார்த்தப்பப் படுத்துக் கெடந்தது சொன்ன சாட்சிதான் செல்லுச்சு, ஓடுனவன் சாட்சி செல்லல. இப்பிடி ஒரு பஞ்சாயத்து நம்மூருல நடந்திருந்தா நாட்டாமைய அன்னிக்கே மாத்தியிருப்போம்.

அந்தக் கடிகாரத்தோட யோக்கியதை எனக்கு முன்னயே தெரியும். போன தீவாளிக்கு வந்தப்ப அதை அம்மிச்சி கையில கட்டி உட்டயே, ஞாபகமிருக்குதா? இடுப்புல கொடத்தை வெச்சு ஒரு கையால அணைச்சுப் புடிச்சுக்கிட்டு அவொ பைப்படிக்கும் ஊட்டுக்கும் நடந்தா. கை ஆடாததால நடந்ததுல பாதிகூட ஏறல. பொறகு திண்ணைல உக்காந்து மோர் சிலுப்புனா. மளமளன்னு ஏறுச்சு. அது காலை எண்றதில்ல கண்ணு. கை ஆடறதைப் பார்த்துக் கால் நடந்திருக்கும்னு யூகம் பண்ணுது. குத்தமில்ல, சோசியக்காரனும் அதைத்தான் பண்றான். ஆனா சோசியம் பொய்யாப் போனதுக்காக ஆரும் ரெண்டு நாள் பட்டினி கெடக்கறதில்ல.

செரி, நாளுக்குப் பத்தாயிரம் அடி நடக்கோணும்ங்கற அந்தக் கணக்கு எங்கிருந்து வந்துச்சுன்னு ஒரு நாளாச்சும் கேட்டயா? நாங்கேட்டேன். உன்ற தங்கச்சி தேடிப் படிச்சுச் சொன்னா. 1964ல சப்பான்ல டோக்கியோ ஒலிம்பிக் நடந்துச்சு. சனமெல்லாம் ஒடம்பைப் பேணோணும்னு கெளம்புன நேரம் பார்த்து, அடுத்த வருசம் யமாசாங்கற கம்பெனி இடுப்புல மாட்டி அடி எண்ணற கருவி ஒன்னை எறக்கி, அதுக்கு 'மான்போ-கெய்'னு பேரு வெச்சு வித்துது. பத்தாயிரம் அடி மீட்டர்னு அர்த்தமாம். ஆக, டாக்டரு சீட்டுல எழுதுன அளவு இல்ல அது, யாவாரி பொட்டி மேல எழுதுன பேரு. 2019ல அமெரிக்காவுல ஐ-மின் லீங்கற அம்மிணியும் கூட்டாளிங்களும் வயசான பொம்பளைங்க சுமார் 17,000 பேரோட நடையக் கணக்கெடுத்துப் பார்த்தாங்க. நாளுக்கு 2,700 அடி நடந்தவங்களைக் காட்டிலும் 4,400 அடி நடந்தவங்க மத்தில சாவு 41 சதம் கம்மியா இருந்துச்சு. 7,500 அடிக்கு மேல போனா எச்சாப் பலன் தெரியல. அது என்ற வயசுக்காரங்க கணக்கு, எளந்தாரி நீ எச்சாவே நட. ஆனா 9,870ல நின்னு போச்சேன்னு நடுச்சாமத்துல எந்திரிச்சு உக்காராத.

நடுச்சாமம்னதும் இன்னொன்னு ஞாபகம் வருது. ஐப்பசி மழைல ராத்திரி 11.40க்கு மொட்டமாடில குடை புடிச்சுக்கிட்டு வட்டம் போட்டயாமே? கீழ் ஊட்டம்மா பேயின்னு நெனச்சு மந்திரிச்சுக் கவுறு கட்டிக்கிட்டாங்கன்னு கேள்விப்பட்டேன். எங்களுக்குப் பொழுது உழுந்தா நாள் முடிஞ்சுது. உனக்கு 11.59 வரைக்கும் முடியறதில்ல, அதுக்குள்ள தூக்கம் கெட்டுப் போவுது. ஒடம்புக்காக நடக்கறேன்னு சொல்லி ஒடம்போட தூக்கத்தைப் புடுங்கி நடைக்குக் குடுத்தா, அது என்ன யாவாரம்? காச்சல்லயும் கட்டலைச் சுத்திச் சுத்தி வந்தயாம். ஆப்பிள்காரன் கடிகாரம் 2015ல வந்துச்சு. சீக்கு வந்தா நாளுக்கு நாள் நெறையோணும்ங்கற வளையத்தை நிறுத்தி வெச்சுக்கலாம், ஸ்ட்ரீக்கு போவாதுன்னு அவன் வழி உட்டது 2024லதான். மனுசனுக்குக் காச்சல் வரும்ங்கற சங்கதி அவங்களுக்குத் தெரிய ஒம்போது வருசம் ஆயிருக்குது. உனக்கு இன்னும் தெரியல.

ஒரு ரோசனை சொல்றேன், கேளு. ஸ்ட்ரீக்குத்தான் வேணும்னா கடிகாரத்தை எங்கிட்டக் குடுத்துட்டுப் போ. வெள்ளாட்டுக்குட்டி முன்னங்காலுல கட்டி உடறேன். தீவாளி பொங்கல்னு லீவு போடாது, கல்யாணத்துக்குப் போவாது, நாளுக்கு முப்பதாயிரம் கொண்டாந்து குடுக்கும். நடக்கறதுதான் வேணும்னா கடிகாரத்தை நீயே கட்டிக்கிட்டு ஆட்டுக்குட்டி பின்னால போ.

நான் ஸ்ட்ரீக்கே கெட்டதுன்னு சொல்ல வரல. முக்குக் கடைல டீ குடிக்க வண்டி எடுத்துக்கிட்டுப் போனவன் நீ. ஏழு மாசமா மழைன்னும் பார்க்காம காலை எடுத்து வெச்சேன்னா அந்தத் தீப்படத்துக்குப் பயந்துதான். மொத ரெண்டு மாசம் அந்த மாதிரி ஒரு பயம் வேணும். ஒடம்புக்கு இன்னும் பழகியிருக்காது. மனசு நாளுக்கொரு சாக்குச் சொல்லும். 'நேத்து வரைக்கும் வந்துட்டோம், இன்னிக்கு உடறதா'ங்கற அந்த ஒத்தக் கேள்வி செருப்பை மாட்ட வெக்கும். இந்த அளவுக்கு அது நல்ல வேலைக்காரன். ரெண்டு மாசத்துக்குப் பொறகும் அவனையே மொதலாளி நாற்காலில உக்கார வெச்சுக்கிட்டதுதான் உன்ற தப்பு.

ரெண்டு மாசம்னு வாய்க்கு வந்ததைச் சொல்லல. லண்டன்ல பிலிப்பா லாலிங்கற அம்மிணி 96 பேரை 12 வாரம் கவனிச்சுப் பார்த்து, அது 2009ல வெளிவந்துச்சு. மத்தியானச் சோத்தோட ஒரு பழம் திங்கறது, ராச்சோத்துக்கு முன்னால கால் மணி நேரம் ஓடறதுன்னு ஆளுக்கொரு காரியம். நெனைக்காமலே கை கால் அதைச் செய்யற அளவுக்குப் பழகச் சராசரியா 66 நாள் ஆச்சு. சிலருக்கு 18 நாள்ல ஒட்டிக்கிச்சு, சிலருக்கு 254 நாள் ஆகும்னு கணக்கு வந்துச்சு. சின்னக் காரியம் வெசையாப் பழகுச்சு, ஒடற்பயிற்சிக்கு எச்சா நாள் புடிச்சுது. நீ கவனிக்க வேண்டியது வேற: நடுவுல ஒரு நாள் உட்டுப் போனதால பழக்கம் ஊனறதுல பெருசா ஒன்னும் கொறையல. உன்ற காலுக்கு இது தெரியும். தீப்படத்துக்குத்தான் தெரியாது.

ஊரெல்லாம் 21 நாள், 21 நாள்னு பேசறாங்களே, அது 1960ல மேக்ஸ்வெல் மால்ட்ஸ்னு ஒரு அமெரிக்க டாக்டரு எழுதுனது. மூக்கு மூஞ்சிய ஆப்பரேசன் பண்ணி மாத்திக்கிட்டவங்களுக்குப் புது மூஞ்சி பழகக் கொறஞ்சது 21 நாள் ஆகுதுன்னு சொன்னாரு. மூக்குக்குச் சொன்னதை மூட்டுக்கு எடுத்துக்கிட்டாங்க.

இனி உன்னாட்டம் ஒருத்தரைப் பத்திச் சொல்றேன். உன்னாட்டம்னா, உன்னைய நூறு மடங்கு பெருக்கிக்கோ. அதே டோக்கியோ ஒலிம்பிக்குல 10,000 மீட்டரும் மாரத்தானும் ஓடுன இங்கிலீசுக்காரரு, ரான் ஹில்னு பேரு. பதக்கம் கெடைக்கல. ஊருக்கு வந்து அந்த வருசம் டிசம்பர் 20ஆம் தேதி கணக்கை ஆரம்பிச்சாரு. 2017 சனவரி வரைக்கும் நாளுக்குக் கொறஞ்சது ஒரு மைல், ஒரு நாள் உடல. 52 வருசமும் 39 நாளும். நடுவுல 1970ல பாஸ்டன் மாரத்தான்ல செயிச்சாரு. துணி ரசாயனம் படிச்சு டாக்டர் பட்டம் வாங்குனவரு, ஓடறவங்களுக்குத் துணி தெச்சு விக்கற கம்பெனியும் நடத்துனாரு. அந்த வகைல நம்ம திருப்பூருக்காரங்களுக்கு ஒறம்பற முறை ஆகும்.

அம்பத்திரெண்டு வருசத்துக்கு நானும் ரெண்டு கையெடுத்துக் கும்புடறேன். ஆனா காலுல ஆப்பரேசன் பண்ணி மாவுக்கட்டு போட்டிருந்தப்பவும் ஊனுகோல வெச்சுக்கிட்டு நொண்டி நொண்டி அந்த மைலை முடிச்சாராம். 78 வயசுல ஓடிக்கிட்டிருக்கறப்ப நெஞ்சு வலிச்சுது. செத்துருவமோன்னு பயந்துக்கிட்டும் நிக்காம மைலை முடிச்சுட்டுத்தான் ஊட்டுக்கு வந்தாரு. அந்த ரெண்டு ஓட்டமும் காலுக்காக ஓடுனதில்ல, நோட்டுப் புஸ்தகத்துக்காக ஓடுனது. நெஞ்சு வலிக்கற மனுசன் நின்னு போயிரோணும், கணக்கை எமன்கிட்டயா காட்டப் போறோம்? அவருக்கும் அது வெளங்குச்சு. மறுநாள் ஓடல. பொண்டாட்டி, புள்ளைங்க, கூட்டாளிங்க, தன்ற ஒடம்பு, எல்லாத்துக்காகவும் நிறுத்தறேன்னு தன்ற வாயாலயே சொல்லி முடிச்சுக்கிட்டாரு. பொறகு நாலு வருசம் இருந்து 2021ல, 82 வயசுல காலமானாரு. அவரு ஓடுனதைவிட நிறுத்துனதுக்குத்தான் எச்சாத் தகிரியம் வேணும்னு எனக்குத் தோணுது.

நம்மூருலயும் நாள் தவறாமச் செய்யற காரியம் இல்லாம இல்ல. மூட்டு வலின்னு ரேசன் கடைக்கே ஆட்டோல போவாளே உன்ற சின்னம்மா, அவொ வள்ளிக் கும்மி பழகறேன்னு பேரு குடுத்துட்டு வந்தா. நாங்கெல்லாம் சிரிச்சோம். தெனமும் ராச்சோத்துக்கு முன்னால கோயில் வாசல்ல லைட்டைப் போட்டு, ஆசிரியரு மைக்கப் புடிச்சுப் பாட்டெடுத்தா, அறுவது பொம்பளைங்க வட்டத்துல நிப்பாங்க. அரங்கேத்தத்துக்குத் தேதி குறிச்சாச்சு, அத்தனை பேருக்கும் ஒரே கலர்ல சேலை எடுத்தாச்சு. ஒரு நாள் போவலைன்னா மறுநா 'ஏனக்கா நேத்து வல்ல?'ன்னு நாலு பேரு கேப்பாங்க. அடவு மறந்து போனா பக்கத்துல நிக்கறவொ இடிச்சுச் சேத்து நிப்பாட்டிக்குவா. ஆரும் 'உன்ற கணக்கு சுழிக்குப் போயிருச்சு, மொதல்ல இருந்து வா'ன்னு சொன்னதில்ல. அரங்கேத்தத்தன்னிக்கு மூணு மணி நேரம் ஆடுனா. மூட்டு வலி எங்க போச்சுன்னே தெரியல. மறுநா காலைல சமையக்கட்டு வேலை ஆரம்பிச்சதும் திரும்பி வந்துருச்சு, அது வேற சங்கதி.

மாரியம்மன் நோம்பிக்குக் கம்பம் நட்டா, தெனமும் வெடியால பொம்பளைங்க தண்ணி ஊத்துவாங்க, ராத்திரி தப்பட்டைக்கு எளந்தாரிங்க கம்பத்தைச் சுத்தி ஆடுவானுங்க. ஒரு ராத்திரி உடறதில்ல. நோம்பி முடிஞ்சா கம்பத்தைப் புடுங்கித் தண்ணில உட்டுருவோம். அய்யப்பனுக்கு மாலை போட்டா 41 நாள், பொறகு கழட்டிருவோம். தைப்பூசத்துக்குப் பழனிக்கு நடந்து போறோம். மலை ஏறுனதும் நடை முடிஞ்சுது, பஸ்ஸேறி ஊட்டுக்கு வந்து காலுக்கு எண்ணெய் போட்டுப் படுத்துக்கறோம். நம்ம சனத்துக்கு நாள் எண்ணத் தெரியாம இல்ல கண்ணு. எண்ண ஆரம்பிக்கறப்பவே எந்த நாள்ல நிறுத்தறதுன்னும் சேத்துக் குறிச்சு வெச்சுட்டாங்க. கம்பத்தைப் புடுங்காம வருசம் முச்சூடும் ஆடுடான்னா எவன் ஆடுவான்? உன்ற கடிகாரத்துல கம்பம் புடுங்கற நாளே கெடையாது. நூறு நாளுக்கு ஒரு வாணம் உடும், முந்நூத்தி அறுவத்தஞ்சுக்கு ஒரு வாணம் உடும், அப்பறமும் எண்ணிக்கிட்டே இருக்கும். அது முடியோணும்னா ஒன்னு நீ தோக்கோணும், இல்லாட்டி சாவோணும். செயிச்சு முடிக்க வழியே வெக்கல. அப்பிடி ஒரு ஆட்டத்துல போயிக் குந்திக்கிட்டு, தோத்துப் போயிட்டேன்னு அழுவறயே!

அதனால இனிமேல் மண்டலக் கணக்கு வெச்சுக்கோ. 48 நாள். நாப்பத்தெட்டாம் நாள் நீயே கம்பத்தைப் புடுங்கிரு. ரெண்டு நாள் காலை நீட்டிப் படு. பொறகு மறுக்கா நடு.

அதுவும் நெம்பக் கெடுபிடின்னா வாரக் கணக்குக்கு வா. உலக சுகாதார நிறுவனமே 2020ல வாரத்துக்குத்தான் கணக்குச் சொல்லியிருக்குது: பெரியவங்களுக்கு வாரத்துக்கு 150ல இருந்து 300 நிமிசம், வேர்க்கற மாதிரி நடை. அதோட வாரத்துக்கு ரெண்டு நாளாச்சும் தசைக்கு வலு குடுக்கற வேலை. நம்ம பக்கம் சந்தை வாரத்துக்கு ஒருக்கா, தறிக்காரனுக்குக் கூலி வாரத்துக்கு ஒருக்கா. உனக்கு மட்டும் என்னத்துக்கு நாளுக்கு நாள் ஐந்தொகை? அஞ்சு நாள் அரை அரை மணி நேரம் நடந்தா 150 ஆச்சு. மிச்சம் ரெண்டு நாள்ல ஒன்னுக்குக் கல்யாணம் வரட்டும், ஒன்னுக்குக் காச்சல் வரட்டும். தசைக்கு வலு வேணும்னா சனி ஞாயிறு ஊருக்கு வா. தடப்பள்ளி வாய்க்கால்ல தண்ணி உட்டாச்சு, வரப்புச் செதுக்க ஆளே கெடைக்கல. மம்பட்டி நாங்குடுக்கறேன். கூலி கேக்கப்படாது, ஜிம்முக்கு நீதான காசு கட்டறே?

இத்தனையும் சொன்னாலும் உனக்கு ஒரு நாள் உட்டுத்தான் போவும். உட்டுப் போறது பெருசில்ல. உட்ட மறுநாள் நீ என்ன பண்றேங்கறதுதான் சங்கதி. இந்த ரெண்டு நாளா நீ என்ன பண்ணுனே? தீ அணைஞ்சு போச்சு, இனி என்னத்துக்குன்னு செருப்பைத் தூக்கிப் பரண்ல போட்டே. கல்யாணத்தன்னிக்கு உட்டது ஒரு நாள், அதுவும் நெசமா உடல. பொறகு ரெண்டு நாள் போனது அந்தத் துக்கத்துல. பாசை சொல்லிக் குடுக்கற பச்சை ஆந்தை ஒன்னு வெச்சிருக்கறயே, டுவோலிங்கோ, அது இதுக்குன்னே பரிகாரம் வெச்சிருக்குது. சேத்து வெச்ச கல்லுமணியக் குடுத்து முன்கூட்டியே வாங்கி வெச்சுக்கிட்டா, உட்ட நாள்ல ஸ்ட்ரீக்கு சாவாமக் காப்பாத்திரும். நல்ல யாவாரம். பயத்தையும் அதுவே விக்குது, தாயத்தையும் அதுவே விக்குது.

அமெரிக்காவுல கேட்டி மில்க்மேன்னு ஒரு அம்மிணி, கூட முப்பது ஆராய்ச்சிக்காரங்களைச் சேத்துக்கிட்டு, '24 அவர் பிட்னஸ்'ங்கற ஒடற்பயிற்சிக் கூடத்துல சுமார் 61,000 பேருகிட்ட நாலு வாரம் சோதிச்சுப் பார்த்தாங்க. 2021ல வெளியாச்சு. ஆளுகளை எச்சா வர வெக்க 54 தந்திரம். அத்தனையிலயும் மொதல்ல நின்னது எது தெரியுமா? ஒரு நாள் வராம உட்டவன் அடுத்த தரம் வந்துட்டான்னா அவனுக்கு ஒரு சில்லறை பரிசு. ஒம்போது சென்ட்டுதான், நம்ம காசுக்கு ஏழெட்டு ரூபா, ஒரு டீ வராது. அதுக்கே வாரத்துக்கு வர்றது 27 சதம் கூடுச்சு. நாள் தவறாதவனைத் தூக்கி வெச்சுக் கொண்டாடறதைவிட, தவறித் திரும்பி வந்தவனுக்கு ஒரு வாய் மோர் குடுக்கறது நல்லா வேலை செய்யுது.

நானும் அதைத்தான் பண்ணப் போறேன். இனிமேல் நாள் தவறாம நடந்தீன்னா எங்கிட்ட இருந்து ஒத்தப் பைசா வராது. உட்ட மறுநாள் எந்திரிச்சுப் போயி நடந்தீன்னா அம்பது ரூபா. காசுக்காக வேணும்னே உட்டு உட்டுப் புடிக்கலாம்னு தோணும், அது உன்ற அப்பன் ஊட்டுப் புத்தி. அதனால மாசத்துக்கு ரெண்டு தரத்துக்கு மேல கெடையாது. இந்த மாசத்து மொதத் தரம் நாளைக்கு வெடியாலயே ஆரம்பம். ஜிபேல அனுப்ப மாட்டேன், நேர்ல வந்துதான் வாங்கிக்கோணும். பஸ் ஸ்டாண்டுல இருந்து நடந்து வா. ஆட்டோல வந்து எறங்குனயோ, அம்பதுல அந்தக் கூலியக் கழிச்சுக்குவேன்.